பல்கலைக்கழக அரினா: ஒரே தரையில் ஐஸ், கூடைப்பந்து, கச்சேரி

வெள்ளி இரவு ஐஸ் ஹாக்கி. சனி மதியம் கூடைப்பந்து. ஞாயிறு காலை லாரிகள் வந்து நிற்கும், இரவு எட்டு மணிக்கு ராக் கச்சேரி. அமெரிக்கப் பல்கலைக்கழகங்கள் சிலவற்றில் குளிர்காலத்து வாரக்கடைசி இப்படிக்கூடப் போகும். மூன்றும் நடப்பது ஒரே கட்டடத்தில், ஒரே தரையில்.

இதைப் பற்றிப் பேசும்போது மூன்று விஷயங்களைப் பலர் அடித்துச் சொல்வார்கள். ஒவ்வொரு தடவையும் ஐஸை உருக்கிவிட்டுத்தான் கூடைப்பந்துத் தளம் போடுகிறார்கள் என்பது ஒன்று. 15,000 பேர் அரங்கம் என்றால் எந்த நிகழ்ச்சிக்கும் 15,000 டிக்கெட் விற்கலாம் என்பது இரண்டாவது. பெரிய ஸ்பீக்கர் வைத்துவிட்டால் பாட்டு தெளிவாகக் கேட்கும் என்பது மூன்றாவது. மூன்றும் தவறு. ஏன் தவறு என்று புரிந்துவிட்டால் இந்தக் கட்டடம் வேலை செய்யும் விதம் முக்கால்வாசி புரிந்துவிடும்.

## பெயரில் தொடங்கும் குழப்பம்

ஆடிட்டோரியத்தில் மேடை ஒரு பக்கம் இருக்கும், நாற்காலிகள் எல்லாம் அதைப் பார்த்தபடி இருக்கும். அந்த மேடைக்காகவே கட்டிய கட்டடம் அது. ஸ்டேடியம் பெரும்பாலும் திறந்தவெளி. நடுவில் கால்பந்து ஆடும் அளவுக்கு மைதானம். அரினா இரண்டுக்கும் இடைப்பட்டது. மேலே மூடிய கூரை, நடுவில் தட்டையான தரை, நாலாபுறமும் படிப்படியாக ஏறும் இருக்கைகள். இந்த இருக்கை வளையத்தைத் துறைக்காரர்கள் ‘பௌல்’ என்பார்கள். நாம் கிண்ணம் என்று வைத்துக்கொள்வோம்.

லத்தீனில் ‘ஹரேனா’ என்றால் மணல். ரோமானியர் காலத்து வட்டரங்குகளில் நடுத்தரையில் மணல் பரப்பியிருப்பார்கள். ரத்தம் படிந்தால் வாரிவிட்டுப் புது மணல் கொட்டலாம். தரையை மாற்றிக்கொள்ளும் யோசனை பெயரிலேயே ஒளிந்திருக்கிறது.

பல்பயன் அரினாவில் கிண்ணத்தின் பெரும்பகுதி மாறாது. தரையில் விரிப்பதும் கூரையில் தொங்குவதும் மாறும். ஒரு நிகழ்ச்சியிலிருந்து அடுத்ததற்கு மாற்றும் இந்த வேலைக்கு ‘சேஞ்ச்ஓவர்’ என்று பெயர்.

## டேப் வைத்து அளந்தால்

அமெரிக்க ஐஸ் ஹாக்கித் தளம் 200 அடி நீளம், 85 அடி அகலம். கல்லூரிக் கூடைப்பந்துத் தளம் 94 அடி நீளம், 50 அடி அகலம். இந்த நான்கு எண்களில்தான் பாதிப் பிரச்சினை இருக்கிறது.

ஹாக்கித் தளத்தின் நடுவில் கூடைப்பந்துத் தளத்தை வைத்துப் பாருங்கள். அகலவாட்டில் இரு பக்கமும் பதினேழரை அடி மிச்சம். நீளவாட்டில் இரு முனையிலும் 53 அடி மிச்சம், அதாவது 16 மீட்டர். அரங்கத்தை ஹாக்கிக்காக மட்டும் கட்டினால், கூடைப்பந்து நாளில் கூடைக்குப் பின்னால் உட்காருபவருக்கும் ஆட்டத்துக்கும் நடுவே ஒரு பேருந்து நிறுத்தம் அளவுக்கு வெறுந்தரை கிடக்கும். கூடைப்பந்துக்காக மட்டும் கட்டினால் ஐஸ் போட இடமே இருக்காது.

இதற்கு விடை மேசை இழுப்பறைதான். கிண்ணத்தின் கீழ்ப்பகுதி இருக்கைகளை இழுப்பறைபோல ஒன்றன்கீழ் ஒன்றாக உள்ளே தள்ளும்படி செய்கிறார்கள். ஹாக்கிக்கு உள்ளே தள்ளிவிடலாம், கூடைப்பந்துக்கு வெளியே இழுத்துவிடலாம். இவற்றை நீட்டுமடக்கு இருக்கைகள் என்று சொல்லலாம். ஒவ்வொரு வரிசைக்கும் கீழே சிறு சக்கரங்கள், மின்மோட்டார், பூட்டு உண்டு. வெளியே இழுத்த பிறகு பூட்டு விழுந்ததா என்று வரிசை வரிசையாகக் கையால் ஆட்டிப் பார்ப்பார்கள். கிண்ணத்தில் மிக அதிகமாகப் பழுதாகும் பகுதி இதுதான். சக்கரம் ஓடும் பாதையில் ஒரு பாட்டில் மூடி கிடந்தாலும் வரிசை கோணலாகி நடுவில் சிக்கிக்கொள்ளும். அதனால் இழுப்பதற்கு முன் துடைப்பம் போடுவது சடங்கு அல்ல, வேலையின் முதல் படி.

பாஸ்டன் பல்கலைக்கழகத்தின் அகானிஸ் அரினா 2005இல் திறந்தது. அங்கே ஹாக்கிக்கு 6,150 பேர், கூடைப்பந்துக்கு 7,200 பேர். ஒஹாயோ மாநிலப் பல்கலைக்கழகத்தின் ஷாட்டன்ஸ்டைன் மையம் 1998இல் திறந்தது. கூடைப்பந்துக்குச் சுமார் 18,800, ஹாக்கிக்குச் சுமார் 17,500. ஆயிரம் சொச்சம் வித்தியாசம் எங்கிருந்து வருகிறது என்று இப்போது தெரிந்திருக்கும்.

சுருக்கமாக: தளம் சிறியதானால் இருக்கை கூடும், பெரியதானால் குறையும். கிண்ணத்தின் கொள்ளளவு ஒற்றை எண் இல்லை.

## முன்னால் இருப்பவர் தலை

இருக்கையை முன்னே இழுத்துவிட்டால் மட்டும் போதாது, அங்கிருந்து தெரியவும் வேண்டும். திருமண மண்டபத்தில் தட்டையாகப் போட்ட நாற்காலிகளில் நாலாவது வரிசையில் உட்கார்ந்து மேடையைப் பார்க்க முயன்றவர்களுக்கு இது தெரியும். உங்கள் கண்ணிலிருந்து ஆட்டத்தளத்தின் அருகோரத்துக்கு ஒரு நேர்கோடு இழுங்கள். அது முன்வரிசைக்காரரின் கண்மட்டத்துக்கு எவ்வளவு மேலே போகிறது என்பதுதான் பார்வை இடைவெளி. 60 மில்லிமீட்டர் என்றால் தலையைச் சற்றே சாய்த்து ஒப்பேற்றலாம். 90 நல்லது. 120 இருந்தால் முன்னால் தொப்பி போட்டவர் உட்கார்ந்தாலும் கவலையில்லை.

சிக்கல் என்னவென்றால், ஹாக்கித் தளத்தைச் சுற்றி மூன்றரை அடி உயரத்துக்குத் தடுப்புப் பலகை, அதற்கு மேல் கண்ணாடி. அருகோரத்தில் வழுக்கிச் செல்லும் பக்கை (பந்துக்குப் பதிலாக ஆடும் ரப்பர் வட்டு) பார்க்க வேண்டுமானால் கிண்ணம் செங்குத்தாக ஏற வேண்டும். கூடைப்பந்துக்கு அவ்வளவு தேவையில்லை. செங்குத்தாக ஏற்றினால் மேல்வரிசைக்குப் படி ஏறுவது கடினம், கட்டடமும் உயரும், உயர்ந்தால் குளிரூட்ட வேண்டிய காற்றும் கூடும். எனவே எல்லா அரினாவும் ஒரு சமரசம்தான். யாரோ ஒருவருக்கு ஓர் ஓரம் மறையத்தான் செய்யும்.

## ஐஸ் உருகுவதில்லை

இனி பெரிய தவறான நம்பிக்கை. ஹாக்கிப் பருவம் முழுக்க ஐஸ் அங்கேயேதான் இருக்கிறது. கூடைப்பந்து வீரர்கள் ஓடுவதும் கச்சேரி ரசிகர்கள் குதிப்பதும் அதன் மேல்தான்.

குளிர்சாதனப்பெட்டியின் உறைபெட்டிச் சுவரைப் படுக்கப் போட்டதாக நினைத்துக்கொள்ளுங்கள். தரை என்று நாம் பார்ப்பது ஒரு கான்கிரீட் பலகம். அதற்குள் சுமார் 10 சென்டிமீட்டருக்கு ஒன்றாகக் குழாய்கள் பதித்திருக்கும். எந்திர அறையில் உப்புக்கரைசலையோ கிளைக்கால் என்ற உறைதடுப்புத் திரவம் கலந்த நீரையோ சுமார் மைனஸ் 9 டிகிரிக்குக் குளிர்வித்து அந்தக் குழாய்களில் ஓடவிடுவார்கள். உப்பு சேர்ப்பது, பூஜ்ஜியத்துக்குக் கீழேயும் அது உறையாமல் ஓடுவதற்கு. கான்கிரீட் குளிர்ந்ததும் மேலே தண்ணீரை மெல்லிய படலமாகத் தெளிப்பார்கள். உறைந்ததும் இன்னொரு படலம். நடுவில் வெள்ளைப் பூச்சு, அதன்மேல் கோடுகளும் பல்கலைக்கழகச் சின்னமும், பிறகு மறுபடி படலங்கள். மொத்தக் கனம் 25 முதல் 38 மில்லிமீட்டர்தான். ஒரே தடவையில் தண்ணீரைக் கொட்டி உறையவைத்தால் காற்றுக்குமிழ் சிக்கி ஐஸ் வெடிக்கும், வெளுத்துப்போகும். அதனால்தான் இத்தனை பொறுமை.

கான்கிரீட்டுக்குக் கீழே வெப்பம் கடத்தாத அட்டை. அதற்கும் கீழே, வேடிக்கையாக, வெப்பமூட்டும் குழாய்கள். மேலே குளிரவைத்துக் கீழே சூடாக்குவானேன்? மாதக்கணக்கில் குளிர் கீழே இறங்கினால் மண்ணில் உள்ள ஈரம் உறையும். உறைந்தால் விரியும். விரிந்தால் தரை மேடுதட்டும், குழாய் நசுங்கும். அந்தப் பழுதைச் சரிசெய்யத் தரையையே பெயர்த்தாக வேண்டும்.

ஹாக்கி முடிந்ததும் ஐஸின் மேல் வெப்பம் கடத்தாத பலகைகளை அடுக்குவார்கள், இதுதான் ஐஸ் மூடி. 4 அடிக்கு 8 அடிப் பலகை என்றால் 32 சதுர அடி. 17,000 சதுர அடித் தளத்துக்கு 530 பலகைகள் வரை வேண்டும். மூலைகள் வளைந்திருப்பதால் அங்கே தனியாக வெட்டிய துண்டுகள். ஐஸ் மூடிக்கு மேல் மரத்தளம்.

## வியர்க்கும் தரை

குளிர்ந்த தண்ணீர் ஊற்றிய கண்ணாடித் தம்ளரின் வெளிப்பக்கம் நனைந்துபோவதைப் பார்த்திருப்பீர்கள். காற்றில் உள்ள ஈரம், குளிர்ந்த பரப்பில் பட்டுத் தண்ணீராகிறது. எந்த வெப்பநிலைக்குக் கீழே இப்படி ஆகுமோ அதைப் பனிநிலை என்கிறோம்.

அரங்கத்தில் காற்று 21 டிகிரி, ஈரப்பதம் 50 சதவீதம் என்றால் பனிநிலை சுமார் 10 டிகிரி. கீழே ஐஸ் இருப்பதால் மரத்தளத்தின் மேற்பரப்பு 13 டிகிரிக்கு இறங்கியிருக்கிறது என்று வையுங்கள். பத்தைவிட மேலேதான், தரை உலர்ந்திருக்கும். வெளியே திடீரென்று வெக்கை, லாரி ஏற்றிறக்கும் கதவை நெடுநேரம் திறந்துபோட்டார்கள், ஈரப்பதம் 70 சதவீதத்துக்கு ஏறியது. இப்போது பனிநிலை 15 டிகிரியைத் தாண்டும். தரை வியர்க்கத் தொடங்கும். துடைத்தாலும் பயனில்லை, துடைத்த இடம் மறுபடி நனையும். துணி தரையின் வெப்பநிலையை மாற்றுவதில்லையே.

2017 மார்ச் 6 அன்று மினியாபொலிஸ் நகரின் டார்கெட் சென்டரில் நடக்கவிருந்த தொழில்முறைக் கூடைப்பந்து ஆட்டம் இதனால்தான் தள்ளிப்போனது. ஐஸ் நடன நிகழ்ச்சி ஒன்றுக்காகக் கீழே ஐஸ் போட்டிருந்தார்கள், வெளியே பருவத்துக்குப் பொருந்தாத வெம்மை, தரை வழுக்கியது. அது பல்கலைக்கழக அரங்கம் இல்லை, ஆனால் இயற்பியல் ஒன்றுதான். இதற்கு மருந்து மூன்று: ஈரம் உறிஞ்சும் எந்திரங்களை முந்தைய நாளே ஓடவிடுவது, கதவுகளை மூடிவைப்பது, ஐஸ் மூடியில் இடுக்கு விடாமல் அடுக்குவது. மூன்றாவதைத்தான் அவசரத்தில் தவறவிடுவார்கள். விரல் நுழையும் இடுக்கு ஒன்று இருந்தால்போதும், அதற்கு நேர்மேலே மரத்தில் ஈரக்கோடு விழும்.

## ராத்திரியில் அடுக்கும் பலகைகள்

கூடைப்பந்து மரத்தளம் மேப்பிள் மரத்தில் செய்தது. அதுவும் 4 அடிக்கு 8 அடித் துண்டுகளாகவே இருக்கும். ஆட்டக்கோடுகளுக்கு வெளியே ஓடி நிற்கவும் இடம் வேண்டும் என்பதால் மொத்தம் 120 அடிக்கு 60 அடி என்று வைத்தால் 225 பலகைகள். ஒவ்வொன்றையும் தூக்க இரண்டு பேர் வேண்டும்.

வேலையை அருகில் நின்று பார்த்தால் ஒன்று புரியும்: ஓரத்திலிருந்து தொடங்குவதில்லை. முதலில் கான்கிரீட்டிலோ தடுப்புப் பலகையிலோ நிரந்தரமாகப் பதித்த குறிகளுக்கு இடையே நூல் பிடித்து மையத்தைக் கண்டுபிடிப்பார்கள். நடுச்சின்னம் வரும் பலகை அங்கே இறங்கும். அதிலிருந்து இரு முனைக்கும் வரிசை வளரும். பலகையின் அடியில் எண் எழுதியிருக்கும். எண் மாறினால் கோடு ஒரு விரற்கடை விலகி நிற்கும். பக்கவாட்டில் இரும்பு முளையும் துளையும். முளை துளைக்குள் போனதும் ரப்பர் சுத்தியலால் ஒரு தட்டு, பிறகு பூட்டைத் திருப்புவது. ஓரத்திலிருந்து தொடங்கினால் என்ன? ஒரு மூட்டுக்கு 1 மில்லிமீட்டர் இடைவெளி விழுந்தாலும், நீளவாட்டில் 15 பலகைகள் போனபின் மறுமுனையில் ஒன்றரை சென்டிமீட்டர் பிசகு. கூடை தரையில் நிற்கும் இடம் அந்தக் கோடுகளை வைத்துத்தான் முடிவாகிறது. நடுவிலிருந்து போனால் பிசகு இரு பக்கமும் பாதியாகப் பிரிந்துவிடும்.

மரம் ஈரத்தில் உப்பும், வறட்சியில் சுருங்கும். காற்றின் ஈரப்பதம் 35 முதல் 50 சதவீதத்துக்குள் இருந்தால் பலகைகள் ஒழுங்காகச் சேரும். பலகைகளைக் குளிர்ந்த, ஈரமான கிடங்கில் வைத்திருந்து எடுத்துவந்தால் கடைசி வரிசை உள்ளே போகமாட்டேன் என்று அடம்பிடிக்கும். கீழே ஐஸ் மூடி சமமில்லாமல் இருந்தால் வேறொரு தொல்லை: அந்த இடத்தில் பந்து தட்டினால் சரியாக எழும்பாது. வீரர்கள் இதைச் செத்த இடம் என்பார்கள், தூரத்திலிருந்து பார்க்கிறவர்களுக்குத் தெரியவே தெரியாது.

வழக்கமாக 30 முதல் 50 பேர் சேர்ந்தால் ஹாக்கியிலிருந்து கூடைப்பந்துக்கு மாற்ற மூன்று முதல் ஐந்து மணி நேரம் ஆகும். கண்ணாடிகளைக் கழற்றுவதும் இருக்கைகளை இழுப்பதும் இதில் அடக்கம். பெரும்பாலும் நள்ளிரவு வேலை.

இதுவரை சொன்னதன் சாரம்: கீழே குளிர்ந்த கான்கிரீட், அதன்மேல் ஐஸ், அதன்மேல் மூடி, அதன்மேல் மரம். ஒவ்வோர் அடுக்கின் பிழையும் அடுத்த அடுக்கில் தெரியும்.

## கச்சேரியின் கனம் கூரையில்

விளையாட்டுக்குத் தரை எப்படியோ, கச்சேரிக்குக் கூரை அப்படி. ஸ்பீக்கர், விளக்கு, திரை எல்லாம் மேலேயிருந்து தொங்குபவை. தரையில் நிறுத்தினால் பார்வையை மறைக்கும், இடத்தையும் அடைக்கும். இப்படித் தொங்கவிடும் வேலைக்கு ‘ரிக்கிங்’ என்று பெயர். ஒவ்வொரு கொக்கி இடமும் ஒரு ‘பாயின்ட்’.

காலையில் லாரிகள் வந்ததும் முதலில் நடப்பது கோலம் போடுவதுபோல் ஒரு வேலை. வெறுந்தரையில் டேப்பும் லேசரும் வைத்து அளந்து, எந்தெந்த இடத்துக்கு நேர்மேலே கூரையில் கொக்கி வர வேண்டுமோ அங்கெல்லாம் சாக்பீஸால் வட்டம் போட்டு எடையை எழுதுவார்கள். கூரையின் இரும்பு உத்தரங்களில் ஏறியிருக்கும் ஆட்கள் கயிறு விட்டு, கீழேயிருந்து சங்கிலியை இழுத்துக்கொள்வார்கள். சங்கிலியின் நுனி மேலே மாட்டப்படும். மோட்டார் கீழே, சுமையோடு இருக்கும். பொத்தானை அழுத்தினால் மோட்டார் தன் சங்கிலியில் தானே ஏறும். கயிற்றில் ஏறும் ஆளைப்போல. பரவலாகப் பயன்படுவது ஒரு டன் தூக்கும் மோட்டார்.

கொக்கி வேண்டிய இடத்துக்கு நேர்மேலே உத்தரம் இல்லையென்றால்? பக்கத்து உத்தரங்கள் இரண்டிலிருந்து இரண்டு இரும்புக் கம்பிகளை ஆங்கில ‘வி’ எழுத்துபோல இறக்கி நடுவில் சேர்ப்பார்கள். ‘பிரைடில்’ என்பது இதுதான். இங்கேதான் புதியவர்கள் ஏமாறுவார்கள். ஒரு டன்னை இரண்டு கம்பி பகிர்ந்தால் ஆளுக்கு அரை டன் என்று தோன்றும். ஈரத் துணி போட்ட கொடியை நினைத்துப் பாருங்கள். தொய்வாகக் கட்டியிருந்தால் தாங்கும். விறைப்பாக இழுத்துக் கட்டியிருந்தால் அதே துணிக்கு ஆணி பிடுங்கிக்கொண்டு வரும். இரு கம்பிக்கும் இடையே கோணம் 60 டிகிரி என்றால் ஒவ்வொன்றிலும் 0.58 டன் இழுவிசை. 90 டிகிரியில் 0.71. 120 டிகிரியில் ஒவ்வொன்றும் முழு ஒரு டன். 150 டிகிரிக்குத் தட்டையாக்கினால் ஏறத்தாழ 1.93 டன். போதாததற்கு உத்தரத்தைப் பக்கவாட்டிலும் இழுக்கும். பல உத்தரங்கள் கீழ்நோக்கிய சுமைக்குக் கணக்குப் போட்டவை, பக்க இழுப்புக்கு அல்ல.

ஆகையால் ஒரு கூரை மொத்தம் இத்தனை டன் தாங்கும் என்று யாராவது சொன்னால் பாதிச் செய்திதான் அது. எந்த இடத்தில், எந்தக் கோணத்தில் என்பதுதான் மீதி. பனி கொட்டும் ஊர்களில் இன்னொன்றும் உண்டு. கூரைமேல் பனி குவிந்திருக்கும் நாளில், உள்ளே தொங்கவிடும் சுமையைக் குறைக்கச் சொல்லலாம். இரண்டையும் சுமப்பது அதே உத்தரங்கள்தான்.

## சத்தம் ஏன் குழம்புகிறது

சாமான் இல்லாத காலி அறையில் பேசினால் குரல் முழங்கும். கட்டில், மெத்தை, திரைச்சீலை வந்ததும் அடங்கிவிடும். ஒலி நின்ற பிறகும் சுவர்களில் பட்டுப் பட்டு நீடிக்கும் இந்த மிச்ச ஒலிதான் எதிர்முழக்கம். அது 60 டெசிபல் தேய எடுக்கும் நேரத்தை எதிர்முழக்க நேரம் என்கிறார்கள்.

இந்தக் கணக்கு பிறந்ததே ஒரு பல்கலைக்கழகத்தில்தான். ஹார்வர்டில் புதிதாகக் கட்டிய ஒரு விரிவுரை அரங்கில் ஆசிரியர் பேசுவது யாருக்கும் புரியவில்லை. 1895இல் இயற்பியல் ஆசிரியர் வாலஸ் சபைனிடம் அதைச் சரிசெய்யச் சொன்னார்கள். அவர் இரவுகளில் பக்கத்து அரங்கிலிருந்து இருக்கை மெத்தைகளைச் சுமந்துவரச் செய்து, ஆர்கன் குழாயை ஊதி நிறுத்தி, ஒலி மறையும் நேரத்தை அளந்தார். மெத்தை இல்லாதபோது ஐந்து நொடிக்கு மேல் நீடித்தது. மெத்தை கூடக்கூடக் குறைந்தது. கிடைத்த சூத்திரம் எளியது: அறையின் கன அளவை 0.161ஆல் பெருக்கி, மொத்த உறிஞ்சு பரப்பால் வகுத்தால் எதிர்முழக்க நேரம். உறிஞ்சு பரப்பு என்பது, திறந்த ஜன்னல்போல ஒலியை முழுதாக விழுங்கும் பரப்பு எத்தனை சதுர மீட்டருக்குச் சமம் என்ற கணக்கு.

1,50,000 கன மீட்டர் உள்ள ஓர் அரினாவை எடுத்துக்கொள்வோம். உறிஞ்சு பரப்பு 6,000 சதுர மீட்டர் என்றால் எதிர்முழக்கம் 4 நொடி. பாடகர் ஒரு சொல்லைப் பாடி முடித்து அடுத்த நாலைந்து சொற்கள் போன பிறகும் முதல் சொல் காற்றில் நிற்கிறது. உட்கார்ந்திருக்கும் ஓர் ஆள் சுமார் அரை சதுர மீட்டர் உறிஞ்சுவார். 10,000 பேர் வந்தால் 5,000 சதுர மீட்டர் கூடும், எதிர்முழக்கம் 2.2 நொடிக்கு இறங்கும். மாலையில் காலி அரங்கில் ஒலிச்சோதனை செய்யும்போது கேட்பதும் இரவில் கேட்பதும் வேறாக இருப்பதற்குக் காரணம் இதுவே. பிளாஸ்டிக் இருக்கைக்குப் பதில் மெத்தை வைத்த இருக்கை போட்டால் இந்த வித்தியாசம் குறையும், ஆள் இல்லாதபோதும் இருக்கை உறிஞ்சிக்கொண்டிருக்கும்.

பெரிய ஸ்பீக்கர் ஏன் தீர்வில்லை என்பதும் இதற்குள்ளேயே இருக்கிறது. ஸ்பீக்கர் சத்தத்தைக் கூட்டினால் முழக்கமும் அதே அளவு கூடும். வேண்டியது குறிபார்த்து அடிப்பது: ஸ்பீக்கர்களை வரிசையாகத் தொங்கவிட்டு ஒலியை ஆட்கள்மேல் மட்டும் விழவைத்து, சுவரையும் கூரையையும் தவிர்ப்பது. எதிர்ச்சுவர் 60 மீட்டர் தள்ளி இருந்தால், அதில் பட்ட ஒலி திரும்பிவர 120 மீட்டர் பயணம், 0.35 நொடி. டிரம் அடித்தவருக்கு அதே அடி இன்னொரு தடவை எதிரிலிருந்து கேட்கும். அதனால் எதிர்ச்சுவரில் கனமான திரை தொங்கும். ஆனால் திரை உயர்ந்த ஒலிகளைத்தான் விழுங்கும். 63 ஹெர்ட்ஸ் அடித்தொனியின் ஓர் அலை ஐந்தரை மீட்டர் நீளம். அதற்குத் துணி இருப்பதே தெரியாது. துளையிட்ட தகடும் அதன்பின் கனத்த கண்ணாடியிழையும் உள்ள கூரைதான் ஓரளவு உதவும், அதையும் கட்டும்போதே போட்டுவிட வேண்டும்.

இதில் ஒரு முரண் உண்டு. கூடைப்பந்துப் பயிற்சியாளர் முழக்கம் வேண்டும் என்பார். மாணவர் கூட்டம் போடும் கூச்சல் எதிரணியைக் கலங்கடிக்க வேண்டும், கடினச் சுவர் இருந்தால் நல்லது. கச்சேரிக்காரர் மெத்தென்ற சுவர் கேட்பார். டெக்சாஸ் பல்கலைக்கழகம் ஆஸ்டினில் 2022இல் திறந்த மூடி சென்டர் போன்ற புதிய அரங்கங்கள் திரைகளை இறக்கி மேல்தட்டை மறைத்துக்கொள்கின்றன. அங்கே கூடைப்பந்துக்குப் பத்தாயிரம் பேருக்குச் சற்று மேல், கச்சேரிக்குப் பதினையாயிரம் பேருக்கு மேல். அகானிஸிலும் ஷாட்டன்ஸ்டைனிலும் பார்த்ததுபோல இங்கும் கொள்ளளவு நிகழ்ச்சிக்கு நிகழ்ச்சி மாறுகிறது, ஆனால் காரணம் வேறு: தளத்தின் அளவு அல்ல, வேண்டாத இருக்கையை மறைப்பது. பாதி காலியான மேல்தட்டு கண்ணுக்கும் காதுக்கும் உறுத்தும் என்ற கணக்கு.

## டிக்கெட் எண்ணிக்கையை முடிவு செய்வது யார்?

கச்சேரியில் மேடை ஒரு முனையில் வந்தால் அதன் பின்னால் உள்ள இருக்கைகள் போச்சு. பக்கவாட்டிலும் ஸ்பீக்கர் மறைக்கும் இருக்கைகள் போகும். பதிலுக்குத் தரையில் ஆட்கள் வருவார்கள். எத்தனை பேர்? 17,000 சதுர அடியில் மேடைக்கு 60க்கு 40 என்று 2,400; மேடையின் பின்புறத்துக்கும் பக்கங்களுக்கும் 2,700; ஒலிக் கட்டுப்பாட்டு மேசைக்கு 400; தடுப்புக்கும் நடைபாதைக்கும் 2,500. மிச்சம் 9,000. அமெரிக்கக் கட்டட விதிகளின் அடிப்படைக் கணக்கில் நெருக்கமாகப் போட்ட நாற்காலிக்கு 7 சதுர அடி, நிற்பவருக்கு 5. ஆக உட்கார 1,285 பேர், நின்றால் 1,800.

இடம் இருக்கிறது என்பதற்காக 1,800 பேரை விட்டுவிட முடியாது. சமதள வெளியேறும் வழிக்கு ஆளுக்கு 0.2 அங்குல அகலம் வேண்டும் என்பது அதே விதிகளின் அடிப்படைக் கணக்கு. 1,800 பேருக்கு 360 அங்குலம், 30 அடி. தரை மட்டத்தில் கதவுகளின் மொத்த அகலம் 24 அடிதான் என்றால் 1,440 பேரோடு நின்றுவிடும். மேடையைத் தவறான முனையில் வைத்து லாரி வரும் பெரிய வழியை அடைத்துவிட்டால் இன்னும் குறையும். டிக்கெட் எண்ணிக்கையை நிர்ணயிப்பது பல நேரம் நாற்காலி இல்லை, கதவு.

## நாட்காட்டியும் கடைசி ஐஸும்

எல்லாம் சரியாக இருந்தாலும் தேதி கிடைக்க வேண்டும். கூடைப்பந்தில் ஆண்கள் அணி, பெண்கள் அணி, அதோடு ஹாக்கி. நவம்பர் முதல் மார்ச் வரை மூன்றும் ஒரே தரைக்கு வரிசையில் நிற்கும். கச்சேரி நடத்துபவர்கள் தேதியை ‘ஹோல்ட்’ செய்வார்கள், பென்சிலால் எழுதிவைப்பது மாதிரி. முதல் ஹோல்ட், இரண்டாம் ஹோல்ட் என்று ஒரே இரவுக்குப் பலர் காத்திருக்கலாம். இரண்டாமவர் பணத்தோடு தயார் என்றால் முதலாமவருக்குச் சவால் விடுவார். முதலாமவர் குறித்த கெடுவுக்குள் உறுதி செய்ய வேண்டும் அல்லது விலக வேண்டும். பல்கலைக்கழக அணிகளின் அட்டவணை பெரும்பாலும் இந்த வரிசைக்கு முன்னாலேயே நாட்களைப் பிடித்துவிடும். அரங்கம் இத்தனை இரவு ஏன் சும்மா கிடக்கிறது என்று கேட்பவர்கள், மறுநாள் காலை அங்கே பயிற்சி இருக்கிறதா, சேஞ்ச்ஓவருக்கு ஐந்து மணி நேரம் மிஞ்சுகிறதா என்று பார்ப்பதில்லை.

வசந்தத்தில் பருவம் முடிந்து பட்டமளிப்பு விழா நெருங்கும்போதுதான் ஐஸுக்கு விடுதலை. குழாய்களில் குளிர்ந்த கரைசலுக்குப் பதில் சற்று வெதுவெதுப்பானதை மெதுவாக ஓடவிடுவார்கள். அவசரப்பட்டுச் சூடேற்றினால் கான்கிரீட்டில் விரிசல் விழும். அடிப்பக்கம் இளகியதும் ஐஸ் தரையைவிட்டுப் பிரியும். சிறு மண்வாரி எந்திரம் அதை உடைத்து வாரிக் கதவுக்கு வெளியே கொட்டும். குவியலில் சிவப்புக் கோட்டின் துண்டுகள், நீலக் கோட்டின் துண்டுகள், சின்னத்தின் பாதி எழுத்து. உள்ளே ஈரம் துடைத்த கான்கிரீட்டில் அடுத்த வேலைக்கு நூல் பிடித்துக்கொண்டிருப்பார்கள், இந்த முறை நாற்காலி வரிசைகளுக்கு.